நேற்று மூடிய பெட்டியும் இன்று எடுக்கும் முடிவும்

கேள்வி இது: “இன்று நான் எடுக்கும் முடிவு, நேற்றே நடந்து முடிந்த ஒன்றைத் தீர்மானிக்கும் என்று சொல்லும் ஒரு தீர்மானக் கோட்பாடு இருக்கிறதாம். காரியம் முன்னால், காரணம் பின்னால். இது வெறும் கற்பனைக் கதையா, இல்லை இதில் ஏதாவது சரக்கு இருக்கிறதா?”

சரக்கு இருக்கிறது, நிறையவே. காரணம் காலத்தில் பின்னோக்கிப் பாய்கிறது என்கிற பகுதியைத்தான் நான் நம்பவில்லை. அதைக் கழித்துவிட்ட பிறகும் மிச்சம் நிற்கிற விஷயம் என்னைப் பல வருடங்களாக விடாமல் பிடித்திருக்கிறது, அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

கதை 1960இல் கலிபோர்னியாவில் தொடங்குகிறது. லிவர்மோர் ஆய்வகத்தில் வேலை பார்த்த வில்லியம் நியூகோம் என்ற இயற்பியலாளர், கைதிகளின் இக்கட்டு என்ற பிரபலமான புதிரைப் பற்றி யோசித்துக்கொண்டிருந்தபோது அவருக்கு வேறொரு புதிர் தோன்றியது. அவர் அதை எழுதி வெளியிடவில்லை. மார்ட்டின் குருஸ்கல் என்ற கணித அறிஞர் வழியாக அது ஒரு விருந்தில் ராபர்ட் நோசிக் என்ற தத்துவவாதியின் காதில் விழுந்தது. 1969இல் நோசிக் அதைக் கட்டுரையாக எழுதினார். 1973இல் மார்ட்டின் கார்ட்னர் சயன்டிஃபிக் அமெரிக்கன் இதழின் கணிதப் பத்தியில் எடுத்துப் போட்டதும் உலகம் முழுக்கப் பரவிவிட்டது.

புதிர் எளிமையானது. உங்கள் முன்னால் இரண்டு பெட்டிகள். ஒன்று கண்ணாடிப் பெட்டி, உள்ளே 1,000 டாலர் இருப்பது தெரிகிறது. இன்னொன்று மூடிய பெட்டி, அதில் 10 லட்சம் டாலர் இருக்கலாம், அல்லது ஒன்றுமே இல்லாமல் காலியாக இருக்கலாம். நீங்கள் மூடிய பெட்டியை மட்டும் எடுக்கலாம், அல்லது இரண்டையும் எடுக்கலாம். பெட்டியை அடுக்கி வைத்தவர் ஒரு கணிப்பாளர். மனிதர்கள் என்ன முடிவெடுப்பார்கள் என்று கணிப்பதில் அவர் அநேகமாகத் தவறியதே இல்லை. நீங்கள் மூடிய பெட்டியை மட்டும் எடுப்பீர்கள் என்று கணித்திருந்தால் நேற்றே அதில் 10 லட்சம் வைத்துவிட்டார். இரண்டுக்கும் ஆசைப்படுவீர்கள் என்று கணித்திருந்தால் காலியாக விட்டுவிட்டார். காசு சுண்டிப் பார்த்து எடுப்பீர்கள் என்று கணித்திருந்தாலும் காலிதான். வைத்துவிட்டு அவர் போய்விட்டார், இனி பெட்டியை யாரும் தொடப்போவதில்லை. இந்த விதிகள் எல்லாம் உங்களுக்கும் தெரியும். என்ன செய்வீர்கள்?

மேலே படிப்பதற்கு முன் ஒரு நிமிடம் நிறுத்தி உங்கள் பதிலை முடிவு செய்துகொள்ளுங்கள். கிட்டத்தட்ட எல்லோருக்கும் பதில் பளிச்சென்று தெரிகிறது, ஆனால் ஆட்கள் சரிபாதியாகப் பிரிந்து நின்று எதிர்த்தரப்பு சிறுபிள்ளைத்தனமாகப் பேசுகிறது என்று நினைக்கிறார்கள் என்று நோசிக்கே எழுதியிருக்கிறார். நான் நண்பர்களிடம் கேட்டுப் பார்த்தபோதும் அப்படியேதான் நடந்தது. சாப்பாட்டு மேசையில் கேட்டுவிட்டால் அன்றைக்குத் தூக்கம் போச்சு.

இரட்டைப் பெட்டிக்காரர்களின் வாதம்: பெட்டியில் இருப்பது நேற்றே முடிவாகிவிட்டது. 10 லட்சம் இருந்தால், இரண்டையும் எடுத்தால் 10 லட்சத்து 1,000. காலியாக இருந்தால், இரண்டையும் எடுத்தால் 1,000, ஒன்றை மட்டும் எடுத்தால் பூஜ்யம். எது எப்படி இருந்தாலும் இரண்டையும் எடுப்பதில் 1,000 டாலர் கூடுதல். இப்போது நான் கையை எந்தப் பக்கம் நீட்டினாலும் மூடிய பெட்டிக்குள் இருக்கிற பணம் ஆவியாகப் போவதில்லை. இதில் எனக்கு எந்த ஓட்டையும் தெரியவில்லை.

ஒற்றைப் பெட்டிக்காரர்களின் வாதம் இதைவிடச் சின்னது. இதுவரை மூடிய பெட்டியை மட்டும் எடுத்தவர்கள் லட்சாதிபதிகளாகப் போயிருக்கிறார்கள், இரண்டையும் எடுத்தவர்கள் 1,000 டாலரோடு போயிருக்கிறார்கள். நான் எந்த வரிசையில் நிற்க வேண்டும்?

கணிப்பாளர் தெய்வமாக இருக்க வேண்டும் என்றுகூட அவசியமில்லை. அவர் 100க்கு 51 தடவை சரியாகச் சொல்பவர் என்றே வைத்துக்கொள்வோம். மூடிய பெட்டியை மட்டும் எடுப்பவர்களுக்குச் சராசரியாக 5,10,000 கிடைக்கும். இரண்டையும் எடுப்பவர்களுக்கு 4,90,000 கூட்டல் 1,000, அதாவது 4,91,000. இரண்டும் சமமாகிற புள்ளி 50.05 சதவீதம். காசு சுண்டிப் பார்ப்பதைவிட ஒரு துளி கூடுதலாகச் சொல்லத் தெரிந்தாலே இந்தக் கணக்கு ஒற்றைப் பெட்டிப் பக்கம் சாய்ந்துவிடுகிறது.

கார்ட்னரின் பத்திக்கு வந்த 148 கடிதங்களை நோசிக் படித்துப் பார்த்து 1974இல் எழுதினார். பொதுவாசகர்கள் ஏறக்குறைய இரண்டரைக்கு ஒன்று என்ற கணக்கில் ஒற்றைப் பெட்டிப் பக்கம் நின்றார்கள். தத்துவப் பேராசிரியர்கள் நேர்மாறு. அவர்களிடம் 2020இல் எடுத்த ஒரு பெரிய கருத்துக்கணிப்பில் சுமார் 39 சதவீதம் பேர் இரண்டையும் எடுப்போம் என்றார்கள், 31 சதவீதம் பேர் ஒன்று போதும் என்றார்கள், மற்றவர்கள் எந்தப் பக்கமும் சேரவில்லை. டேவிட் லூயிஸ் என்ற மிகப் பெரிய தத்துவவாதி இரட்டைப் பெட்டிக்காரர். “அவ்வளவு புத்திசாலி என்றால் உன்னிடம் ஏன் பணம் இல்லை?” என்று ஒற்றைப் பெட்டிக்காரர்கள் கேட்கும் கேள்விக்கு அவர் 1981இல் பதில் எழுதினார்: இந்த விளையாட்டே பகுத்தறிவில்லாதவர்களுக்குப் பரிசு தருகிற மாதிரி அமைக்கப்பட்டிருக்கிறது, அதற்கு நான் என்ன செய்ய முடியும்? நான் அவரை மதிக்கிறேன், ஆனால் இந்தப் பதில் எனக்குத் திருப்தி தரவே இல்லை. எந்த முடிவு நல்ல முடிவு என்று கண்டுபிடிக்கத்தான் நமக்குப் பகுத்தறிவு. அது வரிசையாக எல்லோரையும் வெறும் கையோடு அனுப்பினால், பழி பெட்டியின் மேலா பகுத்தறிவு என்று நாம் பெயர் வைத்த அந்தச் சூத்திரத்தின் மேலா என்று ஒரு தடவையாவது யோசிக்க வேண்டும்.

இங்கேதான் பின்னோக்கிய காரணம் என்கிற ஆசை வருகிறது. ஒற்றைப் பெட்டியை எடுப்பது சரி என்று மனம் சொல்கிறது, ஆனால் எடுப்பதால் உள்ளே பணம் வருவதில்லை என்று அறிவு சொல்கிறது. இரண்டையும் ஒட்டவைக்க எளிய வழி, என் முடிவு நேற்றைக்குப் போய்ப் பணத்தை வைத்துவிட்டு வருகிறது என்று நம்பிவிடுவது. கதைகளுக்கு இது நல்ல தீனி. நாமும் அன்றாடம் இப்படித்தானே நடக்கிறோம்? தேர்வு எழுதி, தாள் திருத்தி, மதிப்பெண் கணினியில் ஏறி முடிந்தபிறகு, முடிவு வெளியாகும் நாள் காலையில் அம்மா கோயிலுக்குப் போய் அர்ச்சனை செய்கிறார். “முடிஞ்சு போனதுக்கு எதுக்கும்மா?” என்று கேட்டால் முறைப்பார்.

மைக்கேல் டம்மெட் என்ற தத்துவவாதி 1964இல் இதை எடுத்து வேறு யாரும் கொடுக்காத மரியாதையோடு அலசினார். அவருடைய உதாரணத்தில் ஒரு பழங்குடி இளைஞர்கள் சிங்க வேட்டைக்குப் போகிறார்கள். போக இரண்டு நாள், வேட்டை இரண்டு நாள், திரும்ப இரண்டு நாள். அவர்கள் வீரத்தோடு நடந்துகொள்ள வேண்டும் என்று தலைவர் ஆறு நாளும் சடங்கு நடனம் ஆடுகிறார். வேட்டை நான்காம் நாளோடு முடிந்துவிட்டது, ஆனாலும் கடைசி இரண்டு நாளும் ஆடுகிறார். ஏன் என்று கேட்டால், அந்தக் கடைசி நாட்களில் ஆடாமல் விட்ட தடவை பையன்கள் வீரத்தோடு நடந்துகொள்ளவில்லை என்கிறார். அவரை மடக்குவது நாம் நினைக்கிற அளவு எளிதல்ல என்று டம்மெட் காட்டினார். நடந்தது நடந்துவிட்டது, ஆகவே இனி எதைச் செய்தாலும் வீண் என்ற வாதத்தை அப்படியே எதிர்காலத்துக்கும் திருப்பலாம்: நடக்கப்போவது நடக்கும், ஆகவே எதைச் செய்தாலும் வீண். இரண்டாவதை நாம் ஏற்பதில்லை. பிறகு முதலாவதை மட்டும் ஏன் அவ்வளவு உறுதியாக ஏற்கிறோம்? தலைவருக்கு ஒரே ஒரு விஷயம் தெரியாமல் இருக்க வேண்டும், அவ்வளவுதான். வேட்டையில் என்ன நடந்தது என்ற செய்தி ஆடுவதற்கு முன் அவரை எட்டக் கூடாது. எட்டிவிட்டால் ஆட்டத்துக்கு வேலை இல்லை.

இந்தக் கடைசி வரியை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், ஏனென்றால் நியூகோம் இங்கே திரும்ப வருகிறார். பெட்டிப் புதிரை உருவாக்கிய அதே நியூகோம், 1970இல் கிரெகரி பென்ஃபோர்டு, டி. எல். புக் என்ற இருவரோடு சேர்ந்து ஃபிசிக்கல் ரெவ்யூ இதழில் ஓர் ஆய்வுக்கட்டுரை எழுதினார். ஒளியைவிட வேகமாகப் போகும் டேக்கியான் என்ற துகள்களைப் பற்றி அப்போது பேச்சு சூடாக இருந்தது. அப்படி ஒன்று இருந்து அதை வைத்துச் செய்தி அனுப்ப முடிந்தால், சார்பியல் கோட்பாட்டின்படி கடந்த காலத்துக்கே செய்தி அனுப்பலாம். சரி, அனுப்பினால் என்ன ஆகும்? அவர்கள் சொன்னது இது: அ, ஆ என்று இருவர் ஓர் ஒப்பந்தம் போடுகிறார்கள். 1 மணிக்குச் செய்தி எதுவும் வராவிட்டால் மட்டும் அ 3 மணிக்கு ஆவுக்குச் செய்தி அனுப்புவார். ஆ அது கிடைத்த உடனே, அவுக்கு 1 மணிக்குப் போய்ச் சேருகிற மாதிரி ஒரு பதில் அனுப்புவார். இப்போது பாருங்கள், 1 மணிக்குச் செய்தி வந்தால் அ அனுப்ப மாட்டார், அனுப்பாவிட்டால் ஆவின் பதில் கிடையாது, பதில் இல்லையென்றால் 1 மணிக்குச் செய்தி வராது, வராவிட்டால் அ அனுப்புவார். நடந்தால் நடக்காது, நடக்காவிட்டால் நடக்கும்.

இந்த இரண்டையும் ஒரே மனிதர் யோசித்தார் என்பதை நான் முதலில் தெரிந்துகொண்டபோது உட்கார்ந்துவிட்டேன். நிஜமான பின்னோக்கிய காரணத்தை வைத்துக்கொண்டு வாழ முடியாது என்று தெளிவாகக் காட்டியவர்களில் ஒருவர், பின்னோக்கிய காரணம் மாதிரியே தோற்றமளிக்கிற, ஆனால் எந்த முரண்பாட்டிலும் சிக்காத ஒரு பெட்டியைப் பத்து வருடத்துக்கு முன்பே செய்து வைத்திருக்கிறார். வித்தியாசம் எங்கே? பெட்டி மூடியிருக்கிறது. மூடிய பெட்டியைத் திறந்து காட்டிவிட்டு, “இப்போது முடிவு செய்” என்று சொன்னால் என்ன ஆகும்? பணம் இருந்தால் இரண்டையும் எடுப்பேன், இல்லாவிட்டால் ஒன்றை மட்டும் எடுப்பேன் என்று ஒரு பிடிவாதக்காரர் வந்து நின்றால் கணிப்பாளர் என்ன வைத்தாலும் தோற்பார். அது அப்படியே 1 மணி, 3 மணி கதைதான். சிங்க வேட்டைத் தலைவருக்கும் அதே நிபந்தனை: செய்தி எட்டக் கூடாது. அம்மாவின் அர்ச்சனையும் முடிவு திரையில் வரும் வரைக்கும்தான்.

இயற்பியலில் பின்னோக்கிய காரணத்துக்கு வேறு இடமே இல்லையா என்று கேட்பீர்கள். சமன்பாடுகளில் இருக்கிறது. 1945இல் வீலர், ஃபெயின்மன் என்ற இரண்டு இயற்பியலாளர்கள் எதிர்காலத்திலிருந்து பின்னோக்கி வரும் அலைகளையும் சேர்த்துக்கொண்டு மின்காந்தக் கதிர்வீச்சை விளக்கினார்கள். துகள் கருவிக்குள் நுழைந்தபிறகே அதை எப்படி அளப்பது என்று தேர்ந்தெடுக்கிற, வீலர் பிற்பாடு யோசித்த தாமதத் தேர்வுச் சோதனையை 2007இல் பிரான்சில் செய்தும் பார்த்துவிட்டார்கள், குவாண்டம் கணிப்பு சரியாக வந்தது. ஆனால் இவற்றில் எதை வைத்தும் நேற்றைக்கு ஒரு தபால்கூட அனுப்ப முடியாது. நம் கேள்விக்கு இது உதவாது, விட்டுவிடுவோம்.

அப்படியானால் நேற்றைய பெட்டிக்கும் இன்றைய என் முடிவுக்கும் இடையில் இருக்கிற கயிறு எது? ஒரு கால்குலேட்டரில் நேற்று இரவு 17ஐ 23ஆல் பெருக்கினீர்கள், 391 வந்தது. இன்று காலை இன்னொரு கால்குலேட்டரில் அதையே போடுகிறீர்கள், 391 வருகிறது. இன்றைய விடை நேற்றைய விடையை உண்டாக்கவில்லை. இரண்டும் ஒரே கணக்கு, அதனால் ஒரே விடை. கணிப்பாளர் நல்ல கணிப்பாளர் என்றால் என்ன அர்த்தம்? நான் யோசிக்கும் விதத்தை அவர் நேற்றே தன் தலையில் ஒரு தடவை ஓட்டிப் பார்த்துவிட்டார். இன்று பெட்டியின் முன்னால் நின்று நான் “எது சரி?” என்று யோசிக்கும்போது, அதே கணக்கு இரண்டாவது தடவையாக ஓடுகிறது. நான் தீர்மானிப்பது இந்தக் கையின் அசைவை மட்டுமல்ல, “இப்படிப்பட்ட பெட்டி முன்னால் வைக்கப்பட்டால் என்னைப் போல யோசிக்கிறவர் என்ன செய்வார்” என்ற கணக்கின் விடையையே தீர்மானிக்கிறேன். அந்த விடை எங்கெல்லாம் ஓடியதோ, நேற்று ஓடியிருந்தாலும் சரி, அங்கெல்லாம் அதே விடைதான். காலம் இதில் உள்ளே வரவே இல்லை, பெருக்கல் வாய்ப்பாட்டுக்குத் தேதி கிடையாது என்பது போல.

நீங்கள் கேள்விப்பட்ட கோட்பாடு அநேகமாக இதுதான். 2009இல் வெய் டாய் ஒரு வடிவத்தையும், 2010இல் எலியேசர் யுட்கோவ்ஸ்கி காலம் சாராத் தீர்மானக் கோட்பாடு என்ற பெயரில் இன்னொன்றையும் முன்வைத்தார்கள். 2017இல் யுட்கோவ்ஸ்கியும் நேட் சோரஸும் அதையே செயற்கூறு சார்ந்த கோட்பாடு என்று திருத்தி எழுதினார்கள். பல்கலைக்கழகத் தத்துவத் துறைகளில் இதற்கு இன்னும் கடும் எதிர்ப்பு உண்டு. கணிதரீதியாக முழுமையாகக் கட்டி முடிக்கப்படவில்லை என்ற குறை நியாயமானது. இரண்டு கணக்குகள் எப்போது “ஒரே கணக்கு” என்று சொல்ல ஒரு கறாரான அளவுகோல் இல்லை, எனக்கும் அது உறுத்துகிறது. ஆனால் மூலக் கருத்து சரியான திசையில் இருக்கிறது என்று நம்புகிறேன்.

இங்கே பலர் வழுக்கி விழுகிற ஒரு இடம் இருக்கிறது. “நல்ல சேதியைக் கொண்டுவருகிற செயலைச் செய்” என்று இதைப் புரிந்துகொள்வது தப்பு. 1957, 58இல் ரொனால்ட் ஃபிஷர் என்ற மாபெரும் புள்ளியியல் மேதை, புகைபிடிப்பதால் புற்றுநோய் வருகிறது என்பதை ஏற்க மறுத்தார். ஒரே மரபணு ஒருவரைப் புகைபிடிக்கவும் தூண்டலாம், அதே மரபணு புற்றுநோயையும் தரலாம், ஆகவே இரண்டும் சேர்ந்து காணப்படுவதை வைத்து ஒன்று மற்றதற்குக் காரணம் என்று சொல்லக் கூடாது என்றார். அவர் பைப் பிடிப்பவர், புகையிலை நிறுவனங்களுக்கு ஆலோசகராகவும் இருந்தார், உண்மையில் அவர் சொன்னது தவறு. புகை நேரடியாகவே புற்றுநோய் தருகிறது. ஆனால் ஒரு பேச்சுக்கு ஃபிஷரின் உலகமே நிஜம் என்று வைத்துக்கொண்டால், அந்த உலகத்தில் “நான் சிகரெட்டை விட்டால் எனக்கு அந்த மரபணு இல்லை என்று அர்த்தம், ஆகவே விடுகிறேன்” என்று சொல்வது பைத்தியக்காரத்தனம். மரபணு உங்கள் யோசனையைப் படித்துப் பார்த்து உள்ளே வரவில்லை. விட்டாலும் அது இருக்கிற இடத்தில்தான் இருக்கும். நியூகோம் பெட்டியில் அப்படியல்ல, அங்கே பணம் வைக்கப்பட்டதே உங்கள் யோசனையின் முடிவைப் பார்த்து.

ஆகவே நான் எந்தக் கணிப்பாளருக்கும் ஒற்றைப் பெட்டி எடுப்பேன் என்று இல்லை. ஜாதகக் கட்டத்தைப் பார்த்து, இந்த நட்சத்திரக்காரர் ஆசைப்படுவார், அந்த நட்சத்திரக்காரர் அடங்கியிருப்பார் என்று ஒருவர் பெட்டியை நிரப்பினால் நான் கண்ணை மூடிக்கொண்டு இரண்டையும் எடுப்பேன். என் நட்சத்திரம் நான் யோசிப்பதைக் கேட்டுக்கொண்டிருக்கவில்லை. ஜெர்மனியில் ஜான் டிலன் ஹேன்ஸ் குழுவினர் 2008இல் மூளை ஸ்கேனை வைத்து, ஒருவர் இடது பட்டனை அழுத்துவாரா வலது பட்டனை அழுத்துவாரா என்பதை, அவருக்கே தெரிவதற்குச் சில நொடிகள் முன்பே சுமார் 60 சதவீதம் சரியாகச் சொன்னார்கள். 60 என்பது 50.05ஐவிட எவ்வளவோ அதிகம், ஆகவே நியூகோம் கணிப்பாளர் பிறந்துவிட்டார் என்று சிலர் குதித்தார்கள். நான் குதிக்க மாட்டேன். காரணமே இல்லாமல் இடது வலது என்று விரலை அசைப்பது வேறு, நின்று நிதானித்து வாதம் போட்டு முடிவெடுப்பது வேறு. அந்த ஸ்கேன் பிடித்தது யோசனை தொடங்குவதற்கு முந்தைய ஒரு சாய்வைத்தான் என்றால், அது ஃபிஷரின் மரபணு பக்கம் போய்ச் சேரும், கால்குலேட்டர் பக்கம் வராது. கணிப்பு எத்தனை சதவீதம் சரி என்பதைவிட, எதைப் பார்த்துக் கணித்தார் என்பதுதான் எனக்கு முக்கியம்.

இதைச் சொன்னதும் அடுத்து வரும் கேள்வி விதி. எல்லாம் ஏற்கனவே முடிவானது என்றால் நான் ஏன் யோசிக்க வேண்டும்? இது பழைய கேள்வி. கிரேக்கர்கள் இதற்குச் சோம்பேறி வாதம் என்றே பெயர் வைத்தார்கள்: பிழைக்க வேண்டும் என்று விதித்திருந்தால் வைத்தியரை அழைக்காவிட்டாலும் பிழைப்பாய், சாக வேண்டும் என்றால் அழைத்தாலும் சாவாய், ஆகவே வைத்தியர் வீண். கி.மு. 3ஆம் நூற்றாண்டில் கிரிசிப்பஸ் என்ற கிரேக்கத் தத்துவவாதி சொன்ன பதில் இன்றும் அசையாமல் நிற்கிறது. பிழைப்பது மட்டும் தனியாக விதிக்கப்படவில்லை, வைத்தியரை அழைப்பதும் சேர்த்தே விதிக்கப்பட்டிருக்கிறது, ஒன்றில்லாமல் மற்றது வராது. நம் மண்ணிலும் இதே சண்டை நடந்திருக்கிறது. எல்லாம் நியதிப்படி என்ற ஆசீவகர்களை மறுப்பதற்கென்றே நீலகேசி என்ற சமணக் காப்பியத்தில் ஆசீவக வாதச் சருக்கம் என்று ஒரு பகுதி இருக்கிறது. நான் கிரிசிப்பஸ் பக்கம். பெட்டியில் பணம் இருப்பது முடிவாகிவிட்டது என்றால், நான் யோசித்து ஒன்றை மட்டும் எடுப்பேன் என்பதும் அதோடு சேர்ந்தே முடிவாகியிருக்கிறது. என் யோசனையைத் தாண்டி அந்த முடிவு வரவில்லை, அதன் வழியாகத்தான் வந்திருக்கிறது.

சரி, கணிப்பாளரும் பெட்டியும் எங்கேயோ இருக்கிறது, நமக்கு என்ன? எனக்கு இது உயிருள்ள விஷயமாக ஆனது டெரெக் பார்ஃபிட் என்ற தத்துவவாதியின் ஒரு கதையைப் படித்தபோது. பாலைவனத்தில் வண்டி நின்றுவிட்டது. ஒருவர் வருகிறார். ஊருக்குக் கொண்டுபோய் விட்டால் வீட்டுக்குப் போனதும் பணம் தருகிறேன் என்கிறீர்கள். அவருக்கு முகத்தைப் பார்த்தே பொய்யைக் கண்டுபிடிக்கத் தெரியும். ஊருக்கு வந்தபிறகு பணம் கொடுப்பதால் உங்களுக்கு எந்த லாபமும் இல்லை, மறுபடி அவரைப் பார்க்கப் போவதும் இல்லை. அப்போது கொடுக்காமல் நழுவிவிடுகிற ஆள் நீங்கள் என்றால் அது இப்போதே உங்கள் முகத்தில் தெரிகிறது, அவர் வண்டியைக் கிளப்பிக்கொண்டு போய்விடுகிறார். நாளைக்கு நீங்கள் எடுக்கப்போகும் முடிவால் இன்றைக்கு மணலில் கிடக்கிறீர்கள்.

படித்த உடனே எனக்கு ஏலச்சீட்டுதான் ஞாபகம் வந்தது. தெருவில் தெரிந்தவர்களுக்குள் 20 பேர், மாதம் 5,000 ரூபாய், 20 மாதம். அவசரம் என்று மூன்றாவது மாதமே ஒருவர் தள்ளி எடுத்துவிடுகிறார். பணம் கைக்கு வந்துவிட்டது. இன்னும் 17 மாதம் அவர் கட்ட வேண்டும், ஆனால் இனிமேல் கட்டுவதால் அவருக்கு வரப்போவது ஒன்றுமில்லை, எடுக்க வேண்டியதை எடுத்தாயிற்று. இரட்டைப் பெட்டி வாதம் அப்படியே இங்கே பொருந்தும்: பணம் ஏற்கனவே கையில், இனி கட்டாமல் இருப்பதில் மாதம் 5,000 கூடுதல். அந்த மாதிரி வாதம் பண்ணுகிற ஆள் யார் என்று சீட்டு பிடிக்கிற அக்காவுக்கு நன்றாகத் தெரியும். எங்கள் பகுதியில் சீட்டு நடத்திய ஒரு அக்கா ஆள் சேர்க்கும்போது சம்பளத்தைக் கேட்டதே இல்லை. அவன் கடைசி மாதம் வரைக்கும் கட்டுவானா என்பதை மட்டும் பார்ப்பார். நம்பிக்கை இல்லாதவனிடம் “இந்தத் தடவை ஆள் நிரம்பிருச்சு தம்பி” என்று சிரித்துக்கொண்டே அனுப்பிவிடுவார். அவனுக்குப் பெட்டி காலி. நிஜ வாழ்க்கையில் ஜாமீன் இருக்கிறது, ஊர்ப் பேச்சு இருக்கிறது, நாளைக்கு முகத்தில் முழிக்க வேண்டும் என்பது இருக்கிறது, இதெல்லாம் சேர்ந்துதான் கட்ட வைக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் அவற்றையெல்லாம் எடுத்துவிட்டாலும் கட்டுகிறவர்கள் இருக்கிறார்கள். அவர்களைப் பார்த்து முட்டாள் என்று சொல்கிற ஒரு கோட்பாட்டை என்னால் பகுத்தறிவின் இலக்கணமாக ஏற்க முடியாது.

இதன் மறுபக்கம் மிரட்டல். கொஞ்ச வருடமாக ஒரு பயமுறுத்தல் கதை சுற்றுகிறது: எதிர்காலத்தில் ஒரு மகா செயற்கை அறிவு வரும், தன்னை உருவாக்க உதவாதவர்களை அது தண்டிக்கும், அது தண்டிக்கும் என்று இன்று உனக்குத் தெரிவதால் நீ இன்றே உதவியாக வேண்டும். பின்னோக்கிய காரணத்தை வைத்து நெய்த கதை இது. இதைப் படித்து நிஜமாகவே தூக்கம் கெட்டவர்கள் இருக்கிறார்கள், அவர்களுக்காகவே இதைச் சொல்கிறேன். இங்கே இரண்டு விஷயம் உடைகிறது. ஒன்று, கயிறு இல்லை. அந்த இயந்திரம் எப்படி யோசிக்கும் என்பதை ஓட்டிப் பார்க்கிற அளவுக்கு உங்கள் தலையில் அதன் நகல் கிடையாது. உங்களிடம் இருப்பது ஒரு பொம்மைப் படம். இரண்டு, கயிறு இருந்தாலும் அது உங்கள் பக்கம்தான் இழுக்கும். மிரட்டுகிறவன் மிரட்டுவது, இவன் பணிவான் என்று கணித்ததால். எந்த மிரட்டலுக்கும் பணியாத ஆள் என்று தெரிந்தவனை மிரட்டி ஒரு பிரயோஜனமும் இல்லை. சீட்டில் கடைசி வரை கட்டச் சொல்கிற அதே கோட்பாடுதான் மிரட்டுகிறவனுக்குக் காலணா கொடுக்காதே என்றும் சொல்கிறது. நிம்மதியாகத் தூங்குங்கள்.

கடைசியாக, இரட்டைப் பெட்டிக்காரர்களின் மிக வலுவான ஆயுதத்தைச் சொல்லாமல் முடித்தால் நேர்மையாக இருக்காது. நோசிக்கே இதை எழுதியிருக்கிறார். மூடிய பெட்டியின் பின்பக்கம் கண்ணாடி, அந்தப் பக்கம் உங்கள் நலனை விரும்புகிற நண்பர் உட்கார்ந்திருக்கிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். அவருக்கு உள்ளே இருப்பது தெரிகிறது. பணம் இருந்தாலும் சரி, காலியாக இருந்தாலும் சரி, அவர் மனசு கதறுவது ஒன்றுதான்: இரண்டையும் எடுடா! எல்லாம் தெரிந்த நண்பர் எப்படியும் என்ன சொல்வார் என்று உங்களுக்கே தெரிந்திருக்கும்போது, அதைச் செய்யாமல் இருப்பது எப்படி நியாயம்?

இந்தக் கேள்வியோடு பல ராத்திரிகள் மல்லுக்கட்டியிருக்கிறேன். இப்போது நான் வந்து நிற்கிற இடம் இது. அந்த நண்பர் எந்தப் பெட்டிக்கும் ஒரே அறிவுரைதான் சொல்லப்போகிறார், ஆகவே அவர் வாயிலிருந்து உள்ளே என்ன இருக்கிறது என்ற சேதி துளிகூடக் கிடைக்காது. அவர் முகம் மலர்வதையோ வாடுவதையோ வைத்து நான் கண்டுபிடித்துவிட்டால் அது மூடிய பெட்டியே இல்லை, மறுபடி 1 மணிக்கும் 3 மணிக்கும் நடுவில் போய் மாட்டிக்கொள்வேன். மிச்சம் இருப்பது அந்த அறிவுரையைக் கேட்கிற ஆளா நான், கேட்காத ஆளா என்பது மட்டும். கணிப்பாளர் நேற்று உட்கார்ந்து யோசித்ததும் அதைத்தான். கேட்கிறவர்கள் வந்த நாட்களில் எல்லாம் அந்த நண்பர் கண்ணாடி வழியாகப் பார்த்தது காலிப் பெட்டி.